மூத்த தம்பதிக்கு ஒரு பிளாஸ்க்

தங்கைக்குக் கல்யாணம் நிச்சயமானதும் ஆளுக்கொரு வேலையாகப் பிரித்துக்கொண்டோம். பந்தியைப் பெரியப்பா எடுத்துக்கொண்டார். பூவும் மேளமும் என் வீட்டுக்காரர் பொறுப்பு. வரவேற்பில் விருந்தாளிகளுக்கு விளையாட்டு வைத்துப் பரிசு கொடுக்க வேண்டும் என்று தங்கைக்கு ஆசை. அந்தத் தலைவலி என் பங்குக்கு வந்தது. எனக்குப் பொறுமை கிடையாது என்று தெரிந்தும் கொடுத்தார்கள் பாருங்கள், அவர்களைச் சொல்ல வேண்டும்.

மைக் பிடித்து நடத்துகிறவர் போனில் விளையாட்டுகளைச் சொன்னார். பர்ஸில் பழைய நோட்டு வைத்திருப்பவருக்கு ஒரு பரிசு, கைப்பையில் ஊசி நூலோடு வந்தவருக்கு ஒன்று, பாட்டு நின்றதும் நாற்காலி பிடிக்கிற பிள்ளைகளுக்கு ஒன்று. கடைசியில், கல்யாணமாகி அதிக வருஷமான தம்பதி யார் என்று பார்ப்பாராம். எல்லா ஜோடியும் எழுந்து நிற்க வேண்டும். பத்து வருஷம் ஆகாதவர்கள் உட்காருங்கள், இருபது ஆகாதவர்கள் உட்காருங்கள் என்று சொல்லிக்கொண்டே போக, மிஞ்சி நிற்பவர்களுக்குப் பரிசு.

"அது மட்டும் வேண்டாம்" என்றேன்.

"அக்கா, அதுக்குத்தான் கைதட்டே அதிகம்."

"எங்க வீட்டுக்கு வேண்டாம்."

காரணம் சொல்லவில்லை. அப்பா மாரடைப்பில் போய் ஐந்து வருஷம். தாரை வார்த்துக் கொடுக்கப் பெரியப்பாவும் பெரியம்மாவும் மணையில் உட்காருவதாக முடிவாகியிருந்தது. பெற்றவள் தூணுக்குப் பின்னால் நிற்பாள். காலையில் அது ஒன்று போதாதா, சாயங்காலமும் ஜோடி ஜோடியாக ஊரே எழுந்து நிற்பதை அவள் உட்கார்ந்து பார்க்க வேண்டுமா?

பரிசு வாங்க அம்மாவும் கூட வந்தாள். பஜாரில் ஒரு பாத்திரக் கடை. குடை, டிபன் பாக்ஸ், கலர் பென்சில் என்று நான் மளமளவென்று எடுத்து வைத்தேன். அம்மா ஒவ்வொன்றாகப் பார்த்தாள்.

"சோடிக்கு என்ன எடுத்திருக்க?"

"எந்தச் சோடிக்கு?"

"ரொம்ப வருசமா குடும்பம் நடத்துத சோடிக்கு. எல்லாக் கல்யாணத்துலயும்தான வைக்காவ."

நான் குடையைப் பிரித்துக் கம்பி எண்ணுவது போல நின்றேன். அம்மா விடவில்லை.

"எனக்காவ வேண்டாம்னுட்டியா? ஏளா, அந்த வெளாட்டு இருக்கட்டும். அந்த மைக்கு ஆளுக்குப் போனப் போட்டுச் சொல்லு."

கடையில் வைத்துச் சண்டை போட முடியாது. போன் போட்டேன். அந்தக் கோபத்திலேயே வெள்ளி முலாம் போட்ட இரண்டு டம்ளரை எடுத்தேன். புருஷனுக்கு ஒன்று, பெண்டாட்டிக்கு ஒன்று. அம்மா அதை வாங்கி அலமாரியிலேயே திரும்ப வைத்தாள்.

"ரெண்டா எடுக்காத. பொறவு ஒண்ணு சும்மா கெடக்கும்."

அம்மா ஒரு பிளாஸ்க்கைக் கையில் எடுத்தாள். அப்பா துறைமுகத்தில் கிரேன் ஓட்டினார். ராத்திரி ஷிப்டுக்கு அவர் கொண்டுபோன பிளாஸ்க், அவர் இறந்த வருஷமே கீழே விழுந்து உள்ளே நொறுங்கிவிட்டது. அதன் பிறகு வீட்டில் யாரும் புதிதாக வாங்கவில்லை.

மூடியைத் திருகிப் பார்த்தாள். கவிழ்த்துப் பார்த்தாள். அதோடு விட்டாளா? பக்கத்து டீக்கடையில் வெந்நீர் வாங்கி வரச் சொல்லி ஊற்றி மூடினாள். கடைக்காரர் பொறுமையான மனுஷர். "பரிசுக்குத்தானம்மா" என்று மட்டும் சொன்னார்.

"பரிசுன்னா ஆறிப்போவலாமா அண்ணாச்சி?"

மற்ற சாமானுக்கெல்லாம் கலர் பேப்பர் சுற்றி முடியும்வரை உட்கார்ந்திருந்தோம். பிறகு திறந்து, உள்ளங்கையில் ஊற்றிப் பார்த்து, சரி என்றாள். யாரோ கொண்டுபோகப் போகிற சாமானுக்கு இத்தனை பாடா என்று எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

கல்யாணத்தன்று காலையில் நான் பயந்தது போலவே நடந்தது. தாலித் தட்டு ஆசீர்வாதத்துக்கு வரிசையாகப் போனது. அம்மா நின்ற தூணுக்கு முன்னால் வந்ததும் தட்டு வேறு பக்கம் திரும்பிவிட்டது. யாரும் வேண்டுமென்று செய்யவில்லை. கை தானாகத் திரும்பியது. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. அம்மா முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

சாயங்காலம் அவள் கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தாள். குடை போனது, டிபன் பாக்ஸ் போனது. அப்புறம் ஜோடிகளை எழுந்து நிற்கச் சொன்னார் மைக் பிடித்தவர். மண்டபம் முழுக்கச் சிரிப்பும் நாற்காலிச் சத்தமும். நானும் என் வீட்டுக்காரரும் இருபதில் உட்கார்ந்தோம். முப்பது என்றதும் பெரும்பாலோர் உட்கார்ந்துவிட்டார்கள். திரும்பிப் பார்த்தால் கடைசி வரிசையில் அம்மா நிற்கிறாள். சந்தன நிறப் பட்டுச் சேலை. கை முன் நாற்காலியைப் பிடித்திருந்தது.

விளங்காமல் எழுந்துவிட்டாள் என்று நினைத்து ஓடினேன். "எம்மா, உக்காரு."

"நீ போயி ஒன் மாப்பிள்ள பக்கத்துல உக்காரு" என்றாள்.

அதற்குள் மைக் வந்துவிட்டது. அந்த ஆளுக்கு எங்கள் வீட்டு விஷயம் தெரியாது. "அம்மா, ஐயா எங்கே? சாப்பிடப் போயிட்டாங்களா?"

முன்வரிசையில் பெரியப்பா தலையைக் குனிந்துகொண்டார். மைக்கைப் பிடுங்கி எறியலாமா என்றுகூட எனக்குத் தோன்றியது.

அம்மா நிதானமாகச் சொன்னாள்: "அவுக வரல. நான் வந்திருக்கேன்."

அவருக்குப் புரிந்துவிட்டது. மைக்கைப் பிடித்திருந்த கை லேசாக இறங்கியது. ஆனாலும் மற்றவர்களிடம் கேட்டது போலவே அம்மாவிடமும் கேட்டார். அதற்காக இன்றைக்கும் எனக்கு அவர்மேல் மரியாதை உண்டு.

"கல்யாணமாகி எத்தனை வருஷம் ஆச்சும்மா?"

"நாப்பத்தி ஒண்ணு."

நான் மனசுக்குள் கணக்குப் போட்டேன். அப்பா போகும்போது முப்பத்தாறு. அவர் போன பிறகும் ஒரு வருஷத்தைக்கூட அவள் கழிக்கவில்லை.

இன்னும் ஒரு ஜோடி நின்றுகொண்டிருந்தது. மாப்பிள்ளை வழி உறவு, ஸ்ரீவைகுண்டத்துக்காரர்கள். அவர்களுக்கு நாற்பத்து நான்கு. அம்மா சரி என்று தலையசைத்துவிட்டு உட்கார்ந்தாள். அவர்கள் மேடையேறி பிளாஸ்க்கை வாங்கியபோது எல்லோரையும் போல அம்மாவும் கை தட்டினாள்.

பந்தியில் அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். அப்பளத்தை நொறுக்கிச் சோற்றில் போட்டுக்கொண்டிருந்தாள்.

"நல்ல பிளாஸ்க் ஏளா. எனக்குன்னுதான் பாத்துப் பாத்து எடுத்தேன். ஸ்ரீவைகுண்டத்துக்காரி கொண்டு போயிட்டா."

நான் அவள் பக்கம் திரும்பினேன். "நாளைக்கே அதே கடையில வாங்கித் தாரேன்ம்மா."

அம்மா இலையைப் பார்த்தபடியே சொன்னாள்.

"வேண்டாம். கடையில வாங்குனா அது எனக்கு மட்டும் வாங்குனதா ஆயிரும்."