நியேவெஸின் வாயும் எவாரிஸ்தோவின் கையும்

எவாரிஸ்தோவுக்குச் சொந்தமாக ஒரு நகைச்சுவையும் வராது. மத்ரித்தில் இது தெரிந்த ஒரே ஆள் அவன் மனைவி நியேவெஸ். நாடே ஞாயிறுதோறும் பார்த்துச் சிரித்த 'மூன்றாம் மாடி வீடு' தொலைக்காட்சித் தொடரை வருடக்கணக்காக எழுதியவன் அவன்தான். ஆனால் சிரிப்பெல்லாம் அவள் வாயிலிருந்து வந்தது. வயேக்காஸ் பகுதியில் அவர்கள் குடியிருப்புக்குக் கீழே காபியும் மதுவும் விற்கும் கடையில் உட்கார்ந்து, அக்கம்பக்கத்தாரை அவள் வாரிக்கொண்டிருப்பாள். அவன் கை தானாக டிஷ்யூ பேப்பரை உருவி எழுதும். ஆரம்பத்தில் அவளுக்கும் அதில் பெருமைதான்.

அவள் அம்மா சாகக் கிடந்தபோது பாதிரியார் வந்தார். கிழவி கண்ணைத் திறந்து, "அவருக்கு ஒரு நாற்காலி போடுங்கடி, எனக்கு இன்னும் கொஞ்சம் நேரமாகும்" என்றாள். அடுத்த மாதம் தொடரில் வரும் தாத்தா அதே வரியைச் சொல்லிவிட்டுச் செத்தார். ஊரே விழுந்து விழுந்து சிரித்தது. துக்கம் ஆறாமல் மீன் வாங்கப் போனவளிடம் மீன்காரன், "நாற்காலி போடவா அம்மணி? கொஞ்சம் நேரமாகும்" என்றான்.

வீட்டுக்கு வந்து மீனைக் கழுவி வைத்துவிட்டு, "எங்கம்மாவையும் வித்துட்டியா?" என்று மட்டும் கேட்டாள். அதற்குப் பிறகு உப்பு வேணுமா, கதவைச் சாத்து, அவ்வளவுதான் பேச்சு.

தொடரும் வாயடைத்துப்போயிற்று. எவாரிஸ்தோ என்ன செய்வான், பாவம். தொடரில் மருமகளுக்குப் பழசெல்லாம் மறந்தது, குடும்பத்துக்கு லாட்டரி விழுந்தது, குழந்தைகளாக நடித்தவர்கள் தாடியைச் சிரைத்துக்கொண்டு பள்ளிப் பையைத் தூக்கினார்கள். கடைசியில் செத்த தாத்தாவுக்கு அர்ஜென்டினாவிலிருந்து ஓர் இரட்டைச் சகோதரன் வந்திறங்கினான். படப்பிடிப்பில் லைட்மேன்கள்கூடச் சிரிக்கவில்லை. தொலைக்காட்சிக்காரர்கள் தொடரையே நிறுத்தினார்கள்.

அவனுக்கு அது பெரிதாக வலிக்கவில்லை. அவளை மறுபடி பேசவைக்க ஒரு வழி பிறந்துவிட்டது என்றே நம்பினான். ஞாயிறு மதியம் வற்புறுத்திக் கீழே அழைத்துப் போய், வெர்முத் மதுவும் உருளைக்கிழங்கு ஆம்லெட்டும் வாங்கி வைத்தான்.

"தொடரை இழுத்து மூடிட்டாங்க. இனிமே நீ என்ன பேசினாலும் நமக்குள்ளதான், நியேவெஸ்."

"நிஜமாவா?"

"சத்தியமா."

அவள் கொஞ்ச நேரம் ஆம்லெட்டைக் கிளறினாள். பிறகு அந்தப் பழைய குரல் வந்தது. "தாத்தாவைப் பெத்தவளை நினைச்சாத்தான் பாவமா இருக்கு. ஒண்ணுதான் பெத்தோம்னு நினைச்சுக்கிட்டே போய்ச் சேர்ந்திருப்பா."

கண்ணில் நீர் வரச் சிரித்தான் எவாரிஸ்தோ. அவளும் சிரிக்க ஆரம்பித்து, சட்டென்று நிறுத்தினாள். அவள் பார்வை போன இடத்தை அவனும் பார்த்தான். அவன் கை டிஷ்யூவை உருவியிருந்தது. 'தாத்தாவைப் பெத்தவ' வரை எழுதியும் ஆயிற்று.

"யாருக்கு எழுதுற, எவாரிஸ்தோ?" என்றாள். கோபம்கூட இல்லை.

நியேவெஸ் கைப்பையை எடுத்துக்கொண்டு மாடி ஏறினாள். இனி அந்த வாய் தன்னிடம் திறக்காது என்று அவனுக்குத் தெரியும். ஆனாலும், மறந்துபோவதற்குள் மீதியையும் எழுதி முடித்தான்.