காதில் பேஸ்பால், வாசலில் தாழிடாத கதவு

ராத்திரி, கரும்புக் கொல்லையில் தவளைகள்கூட ஓய்ந்த பிறகு, 'டொக்' என்று ஒரு சத்தம். காய்ந்த கட்டையைக் கட்டையால் அடித்த மாதிரி. ரேடியோ கேட்டுப் பிழைக்கும் தொழிலில் முதல் கஷ்டமே இதுதான். அமெரிக்காவில் ஒருவர் மட்டையால் பந்தை அடித்தாரா, நம் வாசல் கதவில் யாராவது கை வைத்தார்களா என்று ஹெட்போனைக் கழற்றாமல் சொல்ல முடியாது. கழற்றினால் ஒரு வரி போய்விடும். கைக்குழந்தையைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வீட்டிலிருந்தே வேலை பார்க்கும் அம்மாமார்களே, உங்களுக்குச் சொன்னால் புரியும். ஆட்டம் இல்லாத ஒரு ராத்திரியாகப் பார்த்து, பாப்பா தூங்கிய பிறகு இதை எழுதுகிறேன்.

ரேடியோவைப் படிப்பவர்கள்

வேலையை வாங்கித் தந்தது நஸ்ரீன். வில்லியனூரில் பாத்திரக் கடை வைத்திருப்பவரின் மகள். கான்வென்டில் என் பெஞ்சில் உட்கார்ந்தவள். ஒரே கம்பெனியில் அவளுக்குக் கூடைப்பந்து, எனக்கு பேஸ்பால். அமெரிக்காவில் மேற்குக் கரையோரம் ஒரு டீம். அவர்களுடைய ஒவ்வோர் ஆட்டத்தையும் இரண்டு பேர் ரேடியோவில் வர்ணிப்பார்கள். காது கேட்காதவர்கள் அதை போனில் வரி வரியாகப் படிப்பார்கள். கம்ப்யூட்டர் தானாகவே எழுதிக்கொண்டு போகும். அதன் பின்னாலேயே ஓடித் தப்பைத் திருத்துவதும், கைத்தட்டல், விசில் மாதிரி பேச்சில்லாத சத்தங்களை அடைப்புக்குறிக்குள் போடுவதும் என் வேலை.

அந்த டீம் சொந்த ஊரில் ஆடினால் நமக்கு இட்லி வேகும் நேரம். கிழக்கே பயணம் போனால் நமக்கு விடியற்காலை. அங்கே பகல் ஆட்டம் என்றால் நமக்கு ராத்திரி. இதெல்லாம் முதல் நாளே சொன்னார்கள். எத்தனை மணிக்கு முடியும் என்பதை மட்டும் யாரும் சொல்லவில்லை. நஸ்ரீனிடம் கேட்டேன்.

"டிரா கிடையாதுடி. எவனாவது ஒருத்தன் ஜெயிக்கிற வரைக்கும் வுட மாட்டானுங்க."

முடியாத ஆட்டம்

என் வீட்டுக்காரருக்குத் தொழிற்பேட்டையில் சோப்புக் கம்பெனி வேலை. ஷிப்டு மாறிக்கொண்டே இருக்கும். சரக்கு வராத அன்று பாதி ராத்திரியிலேயே வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். வீட்டில் நாங்கள் மூன்றே பேர். பாகூரிலிருந்து உள்ளே வந்தால், கொல்லை ஓரத்தில் கடைசி வீடு. எனக்கு இருட்டும் ஆகாது, தனிமையும் ஆகாது. கல்யாணமாகி வந்த நாளிலிருந்து மேல் தாழ்ப்பாள், கீழ்த் தாழ்ப்பாள் இரண்டும் போட்டுத்தான் படுப்பேன்.

ஒரு நாள் வழக்கமான ஒன்பது சுற்றும் முடிந்து இரண்டு பக்கமும் சமம். பத்தாவது சுற்று, பதினொன்றாவது, பன்னிரண்டாவது. எனக்கு நெட் வருவது என் போன் வழியாக. கால் வந்தால் நெட் அறுந்துவிடும் என்பதால் வேலை நேரத்தில் யார் கூப்பிட்டாலும் வராதபடி வைத்திருப்பேன். அவர் அன்று சீக்கிரம் வந்துவிட்டார். தட்டியிருக்கிறார், கூப்பிட்டிருக்கிறார், ஜன்னலில் டார்ச் அடித்திருக்கிறார். ஜன்னல் என் முதுகுக்குப் பின்னால். நடுவில் விளம்பரத்துக்கு நான் ஹெட்போனைக் கழற்றிய நேரத்தில் அவர் தட்டி அலுத்து ஓய்ந்திருந்தார். யாரோ ஜெயித்து, நான் ஹெட்போனைக் கழற்றிக் கதவைத் திறந்தபோது, பைக் சீட்டின் மேலேயே உட்கார்ந்திருந்தார். கொசு கடித்த கையைச் சொறிந்துகொண்டு கேட்டார்.

"கட்டுன புருஷன் வூட்டுக்குள்ள வர்றதுக்கு அமெரிக்காவுல ஆட்டம் முடியணுமா?"

அடைப்புக்குறிக்குள் நாய்

அன்றிலிருந்து கதவைச் சும்மா சாத்திவைப்பது என்று ஏற்பாடு. வெளியே பூட்டிக்கொண்டு போகச் சொன்னேன். குழந்தையோடு உள்ளே மாட்டிக்கொண்டால், கேஸ் கீஸ் கசிந்தால் எந்த வழியாக ஓடுவாய் என்று கேட்டார். அதற்குப் பிறகு அந்த பயமும் சேர்ந்துகொண்டது. பக்கத்துத் தெருவில் யாரோ போர் மோட்டார் ஒயரை அறுத்துக்கொண்டு போனதும் அந்த வாரம்தான். நாற்காலியைக் கதவுக்கு முட்டுக்கொடுத்துப் பார்த்தேன். அவர் வந்து தள்ளியதில் அது தடாலென்று விழுந்து பாப்பா எழுந்துவிட்டாள். நாற்காலியும் வேண்டாம் என்றாகிவிட்டது.

அப்புறம் ஓர் ஆட்டம். வர்ணிப்பவர்கள் இருவரும் பேசாமல் இருந்த நேரம். நாய் குரைப்பது கேட்டது. கை தானாக அடைப்புக்குறி போட்டு 'நாய் குரைக்கிறது' என்று இங்கிலீஷில் அடித்து அனுப்பிவிட்டது. அனுப்பிய பிறகுதான் உறைத்தது. குரைத்தது நம் தெரு நாய். அது தெரிந்த முகத்தைப் பார்த்துக் குரைக்காது. கதவு தாழிடாமல் இருக்கிறது. ஒரு கண்ணைக் கதவு மேல் வைத்துக்கொண்டே அந்தச் சுற்றை முடித்தேன். யாரும் வரவில்லை. மறுநாள் கம்பெனி வழியாக அமெரிக்காவிலிருந்து ஒரு வாசகர் கேட்டிருந்தார்.

"மைதானத்துக்குள் நாய் எப்படி வந்தது? அதைப் பிடித்துவிட்டார்களா இல்லையா என்று கடைசி வரை நீங்கள் எழுதவே இல்லையே."

ஒற்றைக் காது

கம்பெனியில் எங்கள் டீம் லீடர் சென்னையில் இருக்கிறார். என்னைவிட வயதில் சின்னவர்தான், இருந்தாலும் எல்லோரையும் 'மா' போட்டுத்தான் பேசுவார். வீட்டில் நானும் குழந்தையும் மட்டும் இருக்கிறோம், ஒரு காதில் மட்டும் ஹெட்போன் வைத்துக்கொள்கிறேன், இன்னொன்று வீட்டுக்கு இருக்கட்டும் என்று கேட்டேன். திருடன் பயம் என்று வாய்விட்டுச் சொல்லக் கூச்சமாக இருந்தது. "குழந்தை அழுதால் தெரியணுமே" என்று முடித்துக்கொண்டேன். அவர் சொன்னார்.

"ஒரு காதுல கேட்டா பாதி மேட்ச்தான்மா கேக்கும். மீதிப் பாதிய யார் கேக்கறது?"

காலி ஏணை

வேறு வழியில்லாமல் நானே ஒரு வழி செய்தேன். பாப்பாவின் ஏணை, அதாவது உத்திரத்தில் புடவையால் கட்டிய தொட்டில், என் மேஜைக்குப் பின்னால் தொங்கும். அதில் ஒரு கயிற்றைக் கட்டி மறுமுனையை என் கால் கட்டைவிரலில் மாட்டிக்கொண்டேன். நான் காலை அசைத்தால் அவள் தூங்குவாள். அவள் உதைத்தால் எனக்குத் தெரியும். கை அமெரிக்காவில், கால் பாகூரில். இதைப் படிப்பவர்களில் யாராவது இதே வேலையைச் செய்திருந்தால் சிரிக்காதீர்கள்.

ஒரு விடியற்காலை ஆட்டம். ஓடிக் கடக்க வேண்டிய மூன்று பேஸிலும் ஆட்கள் நிற்கிறார்கள், இரண்டு பேர் அவுட், மூன்றாமவரும் அவுட்டானால் சுற்று முடியும், பந்து போடுகிறவரை மாற்றலாமா என்று பெரிய பேச்சு. பெயர் மேல் பெயராக வந்து விழுகிறது. நான் அடித்துக்கொண்டே காலை ஆட்டிக்கொண்டிருக்கிறேன். ஒரு வழியாக சுற்று முடிந்து விளம்பரம் வந்தது, அதை நான் எழுத வேண்டியதில்லை. ஹெட்போனைக் கழற்றித் திரும்பினேன். ஏணை ஆடிக்கொண்டிருந்தது. புடவை ஒட்டிப்போய்த் தட்டையாகத் தொங்கியது. வாசல் கதவு முழுசாகத் திறந்திருந்தது.

கயிற்றை அவிழ்க்காமலே எழுந்து ஓடியதில் விழுந்தேன். எழுந்து வாசலுக்கு ஓடினேன். பாப்பா பெயரைச் சொல்லிக் கத்தினேன். எதிர் வீட்டு மாட்டுக் கொட்டகையில் லைட் எரிந்தது. அங்கே அஞ்சலை அக்கா. தினமும் விடியலில் எங்களுக்குப் பால் ஊற்றுகிறவர். கதவு தாழிடுவதில்லை என்பதால் அடுப்படி வரை வந்து வைத்துவிட்டுப் போகிறவர். அவர் இடுப்பில் என் பெண், கன்றுக்குட்டியின் காதைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பிடுங்கிக்கொண்டேன். சொல்லாமல் குழந்தையைத் தூக்கலாமா என்று கேட்டேன். அக்காவுக்குக் கோபம் வந்துவிட்டது.

"இன்னாம்மா நீ, சொல்லாம தூக்குவனா? புள்ள அழுவுது, தூக்கினு போவட்டான்னு உன் எதுர்க்க நின்னு ரெண்டு வாட்டி கேட்டேன், நீதான் நல்லா தலைய ஆட்டின."

டயர் விளம்பரம்

ஆட்டியிருப்பேன். பந்து போடுகிறவரை மாற்றுவதுதான் சரி என்று எனக்கும் தோன்றியிருந்தது. வந்தது அஞ்சலை அக்கா என்பதால் கன்றுக்குட்டியோடு போயிற்று. அன்று என் வீட்டுக்காரர் ஷிப்டு முடிந்து வந்ததும் சொல்லிவிட்டேன். கதவு திறந்துதான் இருக்கும் என்றால் நான் ஹெட்போன் மாட்ட மாட்டேன், வேலை போனால் போகட்டும். அவர் பாப்பாவைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டார். அப்புறம், அந்த ரேடியோ எந்த ஆப்பில் வரும் என்று கேட்டார்.

அடுத்த ராத்திரி ஆட்டத்துக்கு அவரும் காதில் மாட்டிக்கொண்டுதான் ஷிப்டிலிருந்து கிளம்பியிருக்கிறார். இங்கிலீஷ் அவருக்கு ஓடாது. பேஸ்பால் எனக்கே அரைகுறைதான். ஆனால் ஒரு பக்கம் அடித்து முடித்து மறுபக்கம் அடிக்க வரும் ஒவ்வொரு அரைச் சுற்றுக்கும் நடுவில் விளம்பரம் வரும், அதில் முதலில் வருவது எப்போதும் டயர் விளம்பரம், அந்தப் பாட்டு வந்தால் இரண்டு நிமிஷம் நான் ஹெட்போனைக் கழற்றுவேன் என்பது அவருக்குத் தெரிந்தால் போதும். முதல் தடவை சரிப்படவில்லை. அவர் போனில் பாட்டு எனக்குக் கேட்டதற்கு ஒரு நிமிஷம் தள்ளி வந்து, நிதானமாக பைக்குக்கு ஸ்டாண்டு போட்டு இறங்கித் தட்டியபோது எனக்கு அடுத்த பந்தே போட்டாகிவிட்டது. அடுத்த விளம்பரம் வரை நின்றவர், உள்ளே வந்து செருப்பைக் கழற்றிக்கொண்டே சொன்னார்.

"உன் அமெரிக்கா முன்னாடி ஓடுதுடி, என்னுது பின்னாடி வருது. இனிமே வாசப்படியில நின்னுனே கேக்கறன், பாட்டு வந்த ஒடனே தட்டறன். நீ தாப்பா போட்டுக்க."

போட்டேன், மேலே ஒன்று, கீழே ஒன்று. காது கேட்காதவர்களுக்காக ஊர் உலகத்துச் சத்தத்தையெல்லாம் கேட்டு எழுதும் எனக்கு, கட்டிய புருஷன் வந்திருக்கிறார் என்பதைத் தெரிவிக்க ஒரு டயர் கம்பெனி அமெரிக்காவிலிருந்து பாடுகிறது என்றாலும், அது பாடாத நேரமெல்லாம் என் வீட்டுக் கதவு உள்ளே தாழிட்டிருக்கிறது.