வில்லி ஆன்ட்டிக்குச் சுற்றிப் போட்டது

எங்கள் வீட்டில் வில்லிகளுக்கு மரியாதையே கிடையாது. சான்டா கிளாராவில், இந்திய மளிகைக் கடையில் வாடகைக்குக் கிடைக்கும் சீரியல் கேசட்டைப் போட்டுவிட்டு உட்கார்ந்தால், வில்லி திரையில் தலைகாட்டியதுமே அம்மா ஆரம்பித்துவிடுவாள். "வந்துட்டா பாரு, குடும்பத்தக் கெடுக்க!" எனக்கு அப்போது எட்டு வயது. பாலில் விஷம் கலப்பதற்கென்றே வில்லி என்று ஒரு தனி இனம் உலகத்தில் இருப்பதாக மனதார நம்பியிருந்தேன்.

அந்த இனத்தில் ஒருவர் எங்களுக்குக் கீழ்வீட்டிலேயே குடியிருந்தார். தனியாக வாழ்ந்த வெள்ளைக்கார ஆன்ட்டி, எண்பதை நெருங்கிய வயது. அம்மா கொடுக்கும் ரசத்தைக் காப்பிக் கோப்பையில் ஊற்றி, ரசித்து ரசித்துக் குடிப்பார். ஒருநாள் பேச்சுவாக்கில், தான் இளவயதில் ஹாலிவுட்டில் கறுப்பு வெள்ளை க்ரைம் படங்களில் நடித்ததாகச் சொன்னார். ஹீரோயினா என்று அம்மா ஆவலாகக் கேட்டாள். இல்லையம்மா, எப்போதும் கெட்டவள்தான் என்று சிரித்தார் ஆன்ட்டி. அம்மா மாடிக்கு மூச்சுவாங்க ஓடிவந்தாள்.

"ஏங்க, நம்ம ஆன்ட்டி வில்லியாம்ங்க!"

அன்றிலிருந்து அவர் கொடுத்த குக்கீயை நான் தொடவில்லை. அப்பா நாலைந்தைத் தின்றுவிட்டு உயிரோடு ஆபீஸ் போய்வந்தும் என் சந்தேகம் தீரவில்லை.

அம்மாவுக்கோ கதை கேட்கும் ஆசை விடவில்லை. ரசத்தைச் சாக்காக வைத்து இறங்கிப் போவாள், நானும் பின்னாலேயே போவேன். ஸ்டுடியோவோடு ஒப்பந்தமாம், கொடுத்த வேடத்தை மறுக்க முடியாதாம். கதவில் சாய்ந்து சிகரெட் பிடிக்க வேண்டும், நல்லவன் ஒருவனை ஏமாற்ற வேண்டும், படம் முடியும்போது குண்டடிபட்டுச் சாக வேண்டும். ஒரே ஒரு தடவை தாய் வேடம் கேட்டுப் பார்த்தாராம். உன் மூஞ்சிக்கு எந்தக் குழந்தை ஒட்டும் என்று கேட்டுச் சிரித்தார்களாம். வயது கொஞ்சம் ஏறியதும் ஒப்பந்தம் போயிற்று. பிறகு ரிட்டயராகும்வரை கடையில் ஷூ விற்றிருக்கிறார்.

இப்படியிருக்கையில் ஊரிலிருந்த பழைய தியேட்டர் ஒன்றில் அவருடைய படத்தைத் திரையிடுவதாகவும், முடிந்ததும் அவர் மேடையில் பேச வேண்டும் என்றும் அழைப்பு வந்தது. ஆன்ட்டி ஒரேயடியாக மறுத்துவிட்டார். இத்தனை வருஷம் யாரும் ஏனென்று கேட்காத கிழவி போய் நின்றால் சிரிக்கத்தான் செய்வார்கள் என்று பயந்தார். மறுபடியும் அந்தச் சிரிப்பைத் தாங்க மாட்டேன் என்றார். அம்மாவா விடுவாள்?

"பாவங்க, தனியா எப்படிப் போவாங்க? நானே டிரைவ் பண்ணிக் கூட்டிட்டுப் போறேன். freeway எல்லாம் எடுக்க மாட்டேன், பயப்படாதீங்க" என்று அப்பாவிடம் சொல்லிவிட்டு, என்னையும் காரில் ஏற்றிக்கொண்டு கிளம்பிவிட்டாள். இருபது நிமிஷப் பயணத்தை உள்ரோட்டிலேயே ஒரு மணி நேரம் உருட்டினாள். ஆன்ட்டி வழியெல்லாம் கைப்பையை இறுக்கிப் பிடித்தபடி வந்தார். அதற்குக் காரணம் தியேட்டரா அம்மாவின் டிரைவிங்கா என்று சொல்வது கஷ்டம்.

படத்தில் ஆன்ட்டி அப்படியொரு அழகு! பொய் சொன்னார், திருடினார், கடைசியில் மாடிப்படியில் வைத்து ஹீரோ அவரைச் சுட்டான். பார்த்துப் பழகிய ரசிகர்கள் போலிருக்கிறது, தியேட்டரே விசிலடித்துக் கைதட்டியது. வில்லி ஒழிந்தாள் என்று நானும் தட்டினேன். அந்தச் சத்தத்துக்கு நடுவே அம்மா எழுந்து நின்றுவிட்டாள்.

"ஐயையோ, சுட்டுட்டானே பாவி! அவளுக்கு யாரு இருக்கா?"

தலைகள் எல்லாம் எங்கள் பக்கம் திரும்பின. வில்லி செத்ததற்கு என் அம்மா அழுததை அன்றுதான் முதன்முதலாகப் பார்த்தேன். எனக்கு ஒரே வெட்கம். பக்கத்து சீட்டில் இருந்த ஆன்ட்டி திரையைப் பார்க்கவில்லை, அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தார். அம்மாவின் தமிழில் ஒரு வார்த்தைகூட அவருக்குப் புரிந்திருக்காது.

பிறகு தானாகவே எழுந்து மேடைக்குப் போனார். யாரும் சிரிக்கவில்லை, எல்லோரும் எழுந்து நின்று தட்டினார்கள். நீங்கள் செத்த காட்சிகளிலேயே உங்களுக்குப் பிடித்தது எது என்று ஒருவர் கேட்டார். இன்றைக்குச் செத்ததுதான் என்றார் ஆன்ட்டி. ஜோக் என்று நினைத்து அப்போது எல்லோரும் சிரித்தார்கள்.

திரும்பி வந்ததும் அம்மாவுக்கு வேறு கவலை. இத்தனை கண் பட்டிருக்கிறதே, சும்மா விடலாமா? எங்கள் அபார்ட்மென்ட் நீச்சல்குளத்துப் பக்கம் ஆன்ட்டியை நாற்காலியில் கிழக்குப் பார்த்து உட்கார வைத்தாள். கல்லுப்பையும் மிளகாய் வற்றலையும் கையில் மூடிக்கொண்டு, "ஊர்க்கண்ணு, உறவுக்கண்ணு, கொள்ளிக்கண்ணு எல்லாம் போகணும்" என்று தலையைச் சுற்றினாள். துப்பச் சொன்னபோது ஆன்ட்டி உதட்டைக் கைக்குட்டையால் மறைத்துக்கொண்டு நாசூக்காகத் துப்பினார். யாரோ பர்கர் சுட்டுவிட்டுப் போன பொது அடுப்பில் கரி இன்னும் கனன்றுகொண்டிருந்தது. எல்லாவற்றையும் அதில் போட்டாள் அம்மா. மிளகாய் வெடித்துக் கருகியது.

"பாத்தியா, நெடியே வரல! யாருக்காவது ஒரு தும்மல் வந்துச்சா? அவ்வளவு கண்ணு பட்டிருக்கு. ஆன்ட்டிக்கு இங்கிலீஷ்ல சொல்லு."

திருஷ்டி இருந்தால் மிளகாய் நெடி அடிக்காது என்று விளக்கிச் சொன்னேன். இனிமேல் உங்களுக்கு ஒன்றும் ஆகாதாம், அம்மா சொல்கிறாள் என்றேன். ஆன்ட்டி தலையாட்டினார். அவர் கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது.

எனக்கு ஒன்றும் புரியவில்லை. நெடியே இல்லாதபோது இவருக்கு மட்டும் ஏன் கண் எரிகிறது? மாடிக்கு ஓடிப்போய் ஒரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து, கண்ணைக் கழுவிக்கொள்ளச் சொல்லி அவரிடம் நீட்டினேன்.