தொட்டிச் சுண்ணாம்பில் கட்டிய புகைபோக்கி

எங்கள் அடுப்பங்கரைப் புகைபோக்கிக்கான பொருள்களை நானே தேர்ந்தெடுத்தேன். ஒவ்வொரு செங்கல்லையும் தட்டிப் பார்த்து, கணீரென்று ஒலிக்காததை ஒதுக்கினேன். ஒலித்ததையும் ஒரு பகல் முழுக்கத் தண்ணீரில் ஊறவைத்துச் சோதித்தேன். பாலாற்று மணலை மூன்று தரம் கழுவச் செய்தேன். தவறு நேர்ந்தது சுண்ணாம்பில்.

நான் வேலை பார்த்த ஆம்பூர் தோல் கிடங்கில், மயிர் கழல்வதற்காகத் தோல்களைச் சுண்ணாம்புத் தொட்டியில் ஊறப்போடுவார்கள். காரம் போன சுண்ணாம்பை வெளியே வாரிக் கொட்டுவார்கள். அதில் ஆட்டு மயிர் கலந்திருப்பதால் சுவர் வெடிக்காது என்று எங்கள் தெருவில் பலரும் அதையே பூசினார்கள். நானும் இரண்டு வண்டி கொண்டுவந்தேன்.

கொத்தனார் அதைக் கையில் அள்ளிப் பார்த்தார்.

"சார், இது வாணாம். நெருப்பு போற எடம். முடி கருகிச்சின்னா உள்ள இன்னா இருக்கும்? ஓட்டைதான்."

"என் பின்சுவர் இதுலதான் பத்து வருஷமா நிக்குதே?"

"ஒங்க பின்சுவத்துல சோறா ஆக்குறீங்க?"

சித்தாள்கள் சிரித்துவிட்டார்கள். எனக்குக் கோபம் வந்தது. சொன்னபடி கட்டச் சொன்னேன், கட்டினார்.

ஐந்து மாதம் ஒன்றும் நேரவில்லை. பிறகு என் மனைவிக்கு வீட்டிலேயே பிரசவமானது. அடுப்பங்கரையை ஒட்டிய அறையில், புகைபோக்கி ஏறும் சுவரோரம் அவளையும் குழந்தையையும் படுக்கவைத்திருந்தோம். தீட்டுக் குளியலுக்காக என் மாமியார் பெரிய அண்டாவில் வெந்நீர் போட்டார். அந்த அடுப்பில் அவ்வளவு விறகு அதுவரை எரிந்ததே இல்லை.

காலை எட்டரை மணி. கிடங்குக்குப் புறப்பட்டவன், மயிர் கருகும் நாற்றத்தில் நின்றேன். அந்த இருட்டறையின் விளக்கில் அவள் கூந்தல்தான் பற்றிக்கொண்டது என்று எண்ணி உள்ளே ஓடினேன். அவள் குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தாள். அவள் தலைக்கு மேலே, செங்கல் இணைப்பு ஒன்றிலிருந்து நூல் மாதிரி புகை வந்துகொண்டிருந்தது. விரலால் தொட்டதும் சாந்து மாவாக உதிர்ந்தது. உள்ளே சிவப்பாகத் தெரிந்தது. அதற்கு ஒரு முழம் மேலே கூரையைத் தாங்கும் பனங்கைகள். அவற்றின் மேல் மூங்கில் பிளாச்சு.

குழந்தையை ஒரு கையில் அள்ளி, அவளை மறு கையால் பிடித்து இழுத்தேன்.

வாசற்படியில் மாமியார் மறித்தார். "பச்ச ஒடம்புக்காரிய காத்துல இட்டுக்கினு போறீங்களே மாப்ளே! ஜன்னி கண்டா யார் பாக்கறது?"

"வழி விடுங்க, செவுரு எரியுது!"

அவர் திரும்பிப் பார்த்தார். உடனே ஓடிப்போய் அண்டாத் தண்ணீரை அடுப்பில் கவிழ்த்தார்.

மத்தியானம் கொத்தனார் வந்து பிரித்தார். ஒரு பனங்கை ஒரு சாண் நீளத்துக்குக் கரியாகியிருந்தது. கருகிய இடத்தை விரலால் சுரண்டிக் காட்டினார். "இந்தத் தடவ எதுல கட்டணும்?" என்று நானே கேட்டேன். களிமண்ணும் செங்கல் தூளும் போதும் என்றார். பனங்கைகளைப் புகைபோக்கியிலிருந்து ஒரு முழம் தள்ளி வெட்டினார்.

புதிதாகக் கட்டியது உறுதியானது. ஆனாலும் வெந்நீர் காயும்போதெல்லாம் நான் அந்தச் சுவரில் உள்ளங்கையை வைத்துக்கொண்டு நிற்பேன். சூடு வெறும் சூடுதானா என்று எனக்குத் தெரிவதில்லை.

"கொஞ்சம் நகருங்க," என்பாள் மனைவி. "கொழந்தைக்குத் தண்ணி ஊத்தணும்."

நகர்வேன். அடுப்பு அணைந்தபின்தான் கிடங்குக்குப் புறப்படுவேன்.