வட்டிலிருந்து மீண்ட பந்துன்

புதன்கிழமைப் பிற்பகல், நெகிழ்வட்டைச் செருகியதும் கணினி கேட்டது: வட்டு வடிவமைக்கப்படவில்லை, வடிவமைக்கவா?

"எஸ் அழுத்திடாதே!" என்று அக்காள் கத்தினாள். "அழுத்துனா எல்லாம் ஹாபிஸ்லா, அழிஞ்சிடும்!"

அதில் இருந்தவை இருபத்து நான்கு பந்துன்கள். மலாய் மொழியின் நாலடிப் பாடல்கள். மலாக்காவின் காஜா பேராங்கில் எங்கள் பக்கத்து வீட்டு ஆன்ட்டி மலாக்காச் செட்டி சமூகத்தவர்; தமிழ் வம்சாவளி என்றாலும் பேசுவது மலாய்தான். மலாயாவுக்குச் சுதந்திரம் வந்த ஆண்டில் தம் தாயார் இயற்றிய அப்பாடல்களை, சனிக்கிழமை மகளின் திருமணத்தில் பாடவேண்டுமென்று அவருக்கு ஆசை. தாள்களைக் கரையான் தின்றுவிட்டது. நான் தட்டச்சு செய்த படி ஒன்றே மிச்சம். அதில் இப்போது பூஞ்சணம்.

அக்காள் கணினி மாணவி. கோப்பு முறைகளைக் கையாளும் நிரல் நூலகம் ஒன்றைக் கல்லூரியிலிருந்து கொண்டுவந்திருந்தாள். பல கோப்புகளில் எழுதப்பட்ட செயற்கூறுகளின் தொகுப்பு அது; நம் நிரலிலிருந்து அழைத்தால் வட்டைப் படித்துத் தரும். தரவில்லை. ஒவ்வொரு முறையும் பிழை எண்ணே வந்தது. கோப்புகளின் பெயரும் இடமும் வட்டின் விளிம்பிலுள்ள அட்டவணையில் இருக்கின்றன. பூஞ்சணம் தின்றது அதைத்தான்.

அவள் தேநீர் போடச் சென்றாள். நான் நூலகத்தின் மூலக் கோப்புகளைத் திறந்தேன். இலக்கிய மாணவியான எனக்கு நிரல்மொழி தெரியாது. உரைக்குறிப்புகளைப் பொறுமையாகப் படிக்கத் தெரியும். கோப்பைத் திறக்கும் செயற்கூறு அட்டவணையைக் கேட்டது. ஆனால் அது தன் வேலைக்காக இன்னொரு கோப்பிலிருந்த வேறொன்றை அழைத்தது. அதன் தலையில் ஒரே குறிப்பு: வட்டின் சிறு பகுதியான வட்டுக்கூறின் எண்ணைக் கொடுத்தால் அதிலுள்ளதைத் தரும். அட்டவணை என்ற சொல்லே அங்கு இல்லை!

"அக்கா, இதை நேரா கூப்பிட முடியாதா?"

குனிந்து பார்த்தாள். "அடியேய் இலக்கியம், நீ ஏன் என் கிளாஸுக்கு வரல?"

பத்து வரி நிரல். எண் எண்ணாக இயக்கினோம். திரையில் முதல் மலாய் அடி எழுந்தபோது, வீட்டில் குரலே உயர்த்தாத நான் கூவிவிட்டேன்.

இருபத்து மூன்று வந்தன. ஒரு வட்டுக்கூறை மட்டும் படிக்க முடியவில்லை. வந்தவையும் வரிசை குலைந்து கிடந்தன. ஒவ்வொரு பாடலையும் தனிக் கோப்பாக்கி, வரிசை எண்ணைக் கோப்பின் பெயரில் மட்டுமே வைத்திருந்தேன். அந்த ஒழுங்கை மெச்சிக்கொண்டவளும் நானே.

அச்சிட்டு, கத்தரித்துத் தரையில் பரப்பினோம். தட்டச்சு செய்தபோது எழுத்துகளை மட்டும் பார்த்த கண்ணுக்கு இப்போதுதான் பாட்டு தெரிந்தது. ஒரு பாடலின் இரண்டாம், நான்காம் அடிகள் மற்றொன்றின் முதல், மூன்றாம் அடிகளாக வந்தன. அந்தாதியைப் போன்ற தொடை! துண்டுகளை ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்துக்கொண்டே போனேன். பதினாறுக்குப் பின் தொடர்பு அறுந்தது.

"அந்தப் போன ஒண்ணுதான். விட்டுடு," என்றாள் அக்காள்.

"அது போகல." பேனாவை எடுத்தேன். முந்தைய பாடல் அதற்கு இரண்டு அடிகளைத் தந்தாக வேண்டும். பிந்தைய பாடல் அதிலிருந்து இரண்டு அடிகளைப் பெற்றிருக்க வேண்டும். நான்கையும் எழுதினேன். தமிழில் சொன்னால்:

லாரி நிறைய ஆட்கள் ஏறினர்,
கடலோரத் திடலில் விளக்குகள் எரிந்தன;
பெயரைக் கேட்டார், ஊரைக் கேட்டார்,
இங்கேதான் பிறந்தேன் என்று சொன்னேன்.

மறுநாள் காலை ஆன்ட்டியிடம் தாள்களைக் கொடுத்தேன். பதினேழாம் பாடலை வட்டு தரவில்லை, இருபுறமும் இருந்து எடுத்தேன் என்பதையும் மறைக்காமல் சொன்னேன். அவர் பதினைந்திலிருந்து மெல்லப் பாடத் தொடங்கினார். பதினேழில் குரல் தயங்கவில்லை; கண்ணை மூடிக்கொண்டே பதினெட்டுக்குப் போய்விட்டார்.

"பெத்துல்," என்றார். சரிதான் என்று பொருள். பிறகு தாளைத் தூரத்தில் பிடித்துப் பார்த்து, எழுத்தைப் பெரிதாக அடித்துத் தா, கல்யாணத்தில் நான் கண்ணாடி போடமாட்டேன் என்று மலாயில் அதட்டினார்.