மனுவில் கேட்காத மாங்கன்று

கிரயம் முறிந்தால், கொடுத்த முன்பணத்தை மனுவில் தனியாகக் கேட்க வேண்டும். கேட்காததை நீதிமன்றம் கொடுக்காது. தாலுகா ஆபீஸில் ஓய்வுபெற்ற எனக்கு இது தெரியும். மாரண்டஹள்ளி நிலத்தை விற்க ஒப்புக்கொண்ட மல்லப்பாவால் பங்காளியான தன் தம்பியிடம் கையெழுத்து வாங்க முடியவில்லை, வழக்குப் போட்டேன். பல வருடம் கழித்துப் பணம் வட்டியோடு திரும்பியது.

மனைவி அதைத் தொடவில்லை. "அட்வான்ஸ் குடுத்த அன்னிக்கு நான் நட்ட மாங்கன்னக் கேட்டீங்களாங்க?"

"கிரயத்துக்கு முந்தி யார் உன்ன நடச் சொன்னது?"

"அங்க வூடு கட்டறதுதான் இல்லன்னு ஆயிருச்சு. மரமாவது இருக்குதான்னு கேளுங்க."

அந்த நிழலில் நாற்காலி போட்டு உட்கார நானும் ஆசைப்பட்டிருந்தேன். அதையும் மனுவில் எழுதவில்லை. தோற்ற எதிர்வாதிக்குக் கடிதம் எழுத விதி ஏதுமில்லை. வெட்கத்தை விட்டு எழுதினேன். பச்சடிக்கென்று ஒரு பை மாங்காயோடு மல்லப்பாவின் பதில் வந்து சேர்ந்தது, யுகாதியன்று.