கிளச்சுத் தோல்

மேட்டில் ஏற முடியாமல் பஸ் திணறியது. கருகல் நெடி உள்ளே புகுந்தது.

"கிளச்சு கருகுதும்மா, மூக்கப் பொத்திக்குங்க" என்றார் கண்டக்டர்.

ஆம்பூரில் எனக்கு ஏழு வயது இருக்கும்போது, வேலூர் வக்கீல் ஒருவருடைய மோட்டார் கார் எங்கள் தெருவில் இதே நெடியோடு நின்றுபோனது. தோல் பதனிடும் ஷாப்பில் வேலை பார்த்த அப்பாவைத் தேடி டிரைவர் வந்தார்.

"இஞ்சின் சுத்துதுண்ணா, சக்கரம் சுத்தல. ரெண்டையும் சேத்துப் புடிக்கிறதுக்குப் பேருதான் கிளச்சு. அதுமேல இருக்கிற தோலு எரிஞ்சுபோச்சு."

அப்பா நல்ல மாட்டுத்தோலில் ஒரு பட்டை அறுத்து, விளக்கெண்ணெயில் ஊறவைத்து, தட்டித் தட்டிப் பதமாக்கிக் கொடுத்தார். டிரைவர் அதைப் பொருத்தினார். வண்டி உறுமி நகர்ந்தது.

"ஏறுங்கண்ணா, நல்லா இழுக்குதான்னு ஒரு நடை பாத்துடலாம்."

அப்பா படியில் ஒரு காலைத்தான் வைத்தார். உள்ளே உட்கார்ந்திருந்த வக்கீல் கைக்குட்டையால் மூக்கைப் பொத்திக்கொண்டு கத்தினார்: "டேய், இறங்குடா! தோல் நாத்தம் சீட்ல ஒட்டிக்கும்."

"அந்த சீட்டே தோலுதானே!" என்று நானும் கத்தினேன். எண்ணெய்க் கையால் அப்பா என் வாயைப் பொத்தினார்.

சேர்த்துப் பிடிப்பதற்குப் பெயராம் கிளச்சு! அதற்கு எங்கள் தோல் வேண்டும், நாங்கள் வேண்டாம். அந்தச் சொல்லைக் கேட்டால் இன்றைக்கும் எனக்கு உடம்பெல்லாம் எரிகிறது.

"பொத்திக்குங்கம்மா" என்றார் கண்டக்டர் மறுபடியும்.

"எதுக்குப் பொத்தணும்?" என்று நான் போட்ட சத்தத்தில் பஸ்ஸே திரும்பிப் பார்த்தது.